புதுப்பிப்பு: தொண்டி தேயிலைத்தூள் வழக்கு, மேல்முறையீட்டில்

தொண்டியில் மளிகைக் கடை வைத்திருக்கும் என் தாய்மாமாவுக்கு, சாயம் கலந்த தேயிலைத்தூள் விற்றதாகத் தண்டனை விதிக்கப்பட்டதை முன்பு எழுதி, உங்களிடம் வழி கேட்டிருந்தேன். இப்போது தண்டனை நிறுத்திவைக்கப்பட்டு, ராமநாதபுரம் அமர்வு நீதிமன்றத்தில் மேல்முறையீடு விசாரணைக்கு ஏற்கப்பட்டுள்ளது.

2006 ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரநிர்ணயச் சட்டம், 46(4) ஆம் பிரிவின்படி, கடையில் எடுத்த மாதிரியைச் சோதிக்கும் உணவுப் பகுப்பாய்வாளரின் அறிக்கையை எதிர்த்து, உணவுப் பாதுகாப்புத் துறையின் நியமன அலுவலரிடம் முறையிடும் உரிமையைத் தருகிறது. ஆனால் அந்த அறிக்கையின் நகலே மாமாவின் கைக்கு வந்து சேராததால், மாதிரியை மறு ஆய்வுக்கு அனுப்பும்படி கேட்கும் வாய்ப்பு அவருக்குக் கிடைக்கவேயில்லை என்பதுதான் எங்கள் முதன்மை வாதம். 1954 ஆம் ஆண்டின் பழைய உணவுக் கலப்படத் தடுப்புச் சட்டத்தின் கீழ் வந்த கீசா ராம் வழக்கில், தாமதத்தால் தயிர் மாதிரி கெட்டு மறு ஆய்வு உரிமை பறிபோனதை ஏற்று, குற்றம் சாட்டப்பட்டவரின் விடுதலையை உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. எனினும், உரிமை இருந்தும் விண்ணப்பிக்காதவர் பின்னர் குறைகூற இயலாது என்னும் தீர்ப்புகளும் உள்ளன. ஆகவே, நகல் ஒப்படைக்கப்பட்டதற்கான அஞ்சல் ஒப்புகை அட்டை நீதிமன்றக் கோப்பில் இருக்கிறதா என்பதையே வழக்கறிஞர் முதலில் தேடுகிறார்.

விடியுமுன் கடலுக்குப் போகிறவர்கள் குடிக்கும் தேநீர் அது என்பதால், கலப்படத்தை நான் சிறிதும் நியாயப்படுத்தவில்லை. அடுத்த விசாரணைக்குப் பின் எழுதுகிறேன்.