வைக்கிங் காலத்து அட்லஸ்: எந்த எல்லைக்கோட்டை நம்புவது?

ஏட்டுச்சுவடி எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்ச நாளாக வைக்கிங்குகளின், அதாவது ஸ்காண்டிநேவியக் கடலோடிகளின், வரலாறு படித்துக்கொண்டிருக்கிறேன். பக்கத்துக்குப் பத்து ஊர்ப்பெயர் வருவதால் அட்லஸை விரித்து வைத்துக்கொண்டுதான் படிப்பது. குழப்பமே அங்கேதான் ஆரம்பிக்கிறது.

என்னிடம் இரண்டு வரலாற்று அட்லஸ்கள் இருக்கின்றன. ஒன்றில் இங்கிலாந்தின் கிழக்குப் பாதி முழுவதும் அடர்சிவப்பு, லண்டனிலிருந்து செஸ்டர் வரை தெளிவாக ஒரு கோடு, கோட்டுக்கு அந்தப் பக்கம் ‘டேன்லா’ (டேனியர் கையில் இருந்த பகுதி) என்று போட்டிருக்கிறது. இன்னொன்றில் கோடே கிடையாது. ஸ்காண்டிநேவிய ஊர்ப்பெயர்களைக் காட்டும் புள்ளிகள் மட்டும், யார்க்‌ஷயர், லிங்கன்‌ஷயர் பக்கம் நெருக்கமாகவும் எசெக்ஸ் பக்கம் கிட்டத்தட்ட காலியாகவும். இரண்டு படங்களுக்கும் தலைப்பு ஒன்றுதான்.

கிழக்குப் பக்கம் போனால் பால்டிக் கடலிலிருந்து கான்ஸ்டான்டிநோபிள் (இன்றைய இஸ்தான்புல்) வரை ஒரே தடித்த அம்புக்குறி. அப்புறம் கிரீன்லாந்து முழுக்க ஒரே நிறம்.

இதில் எது சரி? இந்தக் காலத்துக்கு அட்லஸ் வாங்குவதாக இருந்தால் எதைப் பார்த்து வாங்க வேண்டும்? எங்கள் வாசிப்புக் குழுவுக்காக நானே ஒரு மேப் போடலாமா என்றும் யோசிக்கிறேன்.

வடகாற்று எழுதியது:

அந்த டேன்லா கோடு பாதி உண்மை. 878-இல் எடிங்டன் போரில் ஜெயித்த ஆங்கிலேய அரசர் ஆல்ஃபிரட், பிறகு குத்ரம் என்ற டேனியத் தலைவரோடு ஓர் உடன்படிக்கை செய்துகொண்டார். குத்ரம் இறந்தது 890-இல், ஆகவே அதற்கு முந்தைய சில ஆண்டுகளுக்குள் நடந்தது. அதன் வாசகம் இன்றும் கைக்குக் கிடைக்கிறது, எல்லை எப்படிப் போகிறது என்றும் சொல்கிறது. தேம்ஸோடு மேலே போ, லீ ஆற்றில் திரும்பி அது பிறக்கும் இடம் வரை போ, அங்கிருந்து நேராக பெட்ஃபர்டு, பிறகு ஊஸ் ஆற்றோடு வாட்லிங் ஸ்ட்ரீட் வரை. அவ்வளவுதான், வாசகம் அங்கே முடிந்துவிடுகிறது. வாட்லிங் ஸ்ட்ரீட் ஒரு பழைய ரோமானியச் சாலை, அதைப் பிடித்துக்கொண்டு வடமேற்கே செஸ்டர் வரை கோட்டை நீட்டுவது பிற்கால மேப் போடுபவர்களின் ஊகம். ஊகம் செய்யலாம், தப்பில்லை. ஆனால் உறுதியான பகுதியையும் ஊகப் பகுதியையும் ஒரே தடிமனில் வரைவதுதான் எனக்குப் பொறுக்கவே இல்லை. இரண்டாவது பகுதியைப் புள்ளிக்கோடாகப் போட எவ்வளவு மை செலவாகிவிடும்?

காலமும் முக்கியம். ஆல்ஃபிரடின் மகன் எட்வர்டும் மகள் ஏதெல்ஃபிளாடும் கோட்டை கோட்டையாகப் பிடித்துக்கொண்டு வந்து 918-க்குள் ஹம்பர் ஆற்றுக்குத் தெற்கே பெரும்பகுதியைத் தங்கள் பக்கம் கொண்டுவந்துவிட்டார்கள். யார்க் மட்டும் கைமாறிக் கைமாறி 954-இல் அங்கே ஆண்ட எரிக் என்ற ஸ்காண்டிநேவிய அரசர் துரத்தப்பட்டதோடு முடிந்தது. அதாவது உடன்படிக்கை சொன்ன எல்லை எல்லையாக இருந்தது சுமார் ஒரு தலைமுறைக் காலம். அட்லஸிலோ அது 865-இல் டேனியப் பெரும்படை வந்து இறங்கியதிலிருந்து, 1066-இல் நார்மன் வில்லியம் இங்கிலாந்தைப் பிடித்தது வரைக்கும் பொதுவான கோடு மாதிரி நிற்கிறது.

புள்ளி மேப் காட்டுவது வேறு விஷயம். கிரிம்ஸ்பி, விட்பி, டெர்பி, ஸ்கந்தார்ப் என்று ‘பி’, ‘தார்ப்’ என முடியும் பெயர்கள் ஸ்காண்டிநேவிய மொழி பேசியவர்கள் எங்கெல்லாம் ஊர்களுக்குப் பெயர் வைக்கும் அளவுக்கு ஊன்றி இருந்தார்கள் என்று காட்டுகின்றன. யார் ஆண்டார் என்பதை அவை சொல்லாது. அந்தப் பெயர்களில் பெரும்பாலானவை முதன்முதலில் எழுத்தில் கிடைப்பதே 1086-இல், அதே வில்லியம் எடுத்த நிலக் கணக்கெடுப்பில். ஆக உங்கள் இரண்டு படங்களில் ஒன்று 880-களின் அரசியல், மற்றது 1086-இல் பதிவான பெயர்கள். தலைப்பு மட்டும்தான் ஒன்று.

நதிவழி எழுதியது:

கிழக்குப் பக்கத்து அம்புக்குறியைப் பற்றி நான் சொல்கிறேன், எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது.

முதலில், வழி ஒன்றில்லை, இரண்டு. வால்கா ஆற்று வழியாகப் போனது வெள்ளிக்காக. சாமர்கண்ட், புகாரா பக்கத்து சாமானித் வம்ச அரசின் திர்ஹம் நாணயங்கள் வால்காக் கரையில் வாழ்ந்த பல்கார் மக்களின் சந்தை வழியாக வடக்கே போயின. பாக்தாத்திலிருந்து தூதாகப் போன இபுன் ஃபத்லான் 922-இல் ரூஸ் வணிகர்களை (கிழக்கே போன ஸ்காண்டிநேவியர்களுக்கு அந்தப் பெயர்) நேரில் பார்த்தது அங்கேதான். நீப்பர் ஆற்று வழியாகப் போனது கான்ஸ்டான்டிநோபிளுக்கு. நீவா, லடோகா ஏரி, வோல்கோவ் ஆறு, நோவ்கோரோட், இல்மென் ஏரி, லோவட் ஆறு, அப்புறம் படகைத் தரைமேல் இழுத்துக்கொண்டு போய் நீப்பரின் மேற்பகுதியில் இறக்க வேண்டும். ஒரே படகில் முழு தூரமும் போனதாக அம்புக்குறி நினைக்க வைக்கிறது. ஆனால் பைசாந்தியப் பேரரசர் ஏழாம் கான்ஸ்டன்டைன் 10-ஆம் நூற்றாண்டின் நடுவில் எழுதிவைத்திருப்பதைப் பார்த்தால், ஸ்லாவ் மக்கள் குளிர்காலத்தில் மரத்தைக் குடைந்து படகு செய்கிறார்கள், பனி உருகியதும் கியேவுக்கு மிதக்கவிடுகிறார்கள், ரூஸ் ஆட்கள் அந்தப் புதுப் படகை வாங்கி, பழைய படகின் துடுப்பு முதலியவற்றைக் கழற்றி இதில் பொருத்திக்கொண்டு ஜூனில் புறப்படுகிறார்கள்.

அதற்குப் பிறகுதான் நீப்பர் பாறைகள்மேல் சீறிப் பாயும் சரிவுகள், ஏழு இடங்களில். நான்காவதுதான் பெரியது, பெயர் ஐஃபோர். அங்கே எல்லாவற்றையும் இறக்கி, அடிமைகளைச் சங்கிலியோடு ஆறு மைல் கரையில் நடத்திக் கூட்டிப்போய், படகை இழுத்தும் தோளில் தூக்கியும் கடக்க வேண்டும். புல்வெளி நாடோடிகளான பெச்செனெக் வீரர்கள் தாக்கலாம் என்று காவலுக்கு வேறு ஆள் நிறுத்த வேண்டும். 972-இல் கியேவ் அரசர் ஸ்வியாதொஸ்லாவ் கொல்லப்பட்டது இந்தச் சரிவுகளில்தான். பால்டிக் கடலில் உள்ள காட்லாந்து தீவில், பில்கார்ட்ஸ் என்ற இடத்தில் கிடைத்த ஒரு ரூன் கல்லிலும் (பழைய ஸ்காண்டிநேவிய எழுத்து செதுக்கிய கல்) இதே ஐஃபோர் பெயர் வருகிறது! அங்கே போன ஒருவருக்காக எழுப்பிய நினைவுக்கல் அது. பேரரசரின் அரண்மனையில் எழுதிய பெயரும் தீவில் ஒரு குடும்பம் செதுக்கிய பெயரும் ஒன்று. என்னைக் கேட்டால் எந்தத் தடித்த அம்புக்குறியையும்விட இந்த இரண்டு புள்ளிகள் பெரிது.

இன்னொன்று, இன்றைய மேப்பில் அந்தச் சரிவுகளைத் தேடாதீர்கள். 1932-இல் முடிந்த நீப்பர் அணையின் நீர்த்தேக்கத்தில் அவை மூழ்கிவிட்டன.

ஏட்டுச்சுவடி எழுதியது:

இவ்வளவு விவரமாக எழுதிய இருவருக்கும் மிக்க நன்றி. பில்கார்ட்ஸ் கல்லை எங்கள் குழுவில் கட்டாயம் சொல்வேன். அப்படியென்றால் நிறமே போடாமல் புள்ளிகளும் ஆறுகளும் மட்டும் வைத்து மேப் போட்டால் சரியாக இருக்குமா?

நிலப்படம் எழுதியது:

புள்ளியையும் அப்படியே நம்ப முடியாது நண்பரே. ஜிஐஎஸ், அதாவது கணினியில் நிலப்படத் தரவுகளைக் கையாள்வது, என் வேலை என்பதால் சொல்கிறேன், புள்ளி என்பது ‘இங்கே இருந்தார்கள்’ என்பதற்கு முன்னால் ‘இங்கே தேடினார்கள், கிடைத்தது’ என்பதுதான். இங்கிலாந்தில் மெட்டல் டிடெக்டர் வைத்துத் தேடுகிறவர்கள் கண்டெடுப்பதைப் பதிவு செய்யும் ஏற்பாடு 1997-இல் வந்தது. அதன் பிறகு நார்ஃபோக், லிங்கன்‌ஷயர் வயல்களில் பெண்கள் அணியும் ஸ்காண்டிநேவியப் பாணி உடை ஊசிகள் நிறையக் கிடைத்து, போர்வீரர்கள் மட்டும்தான் வந்தார்கள் என்ற படமே மாறிப்போனது. ஆனால் டிடெக்டர்காரர்கள் தேடுவது பெரும்பாலும் உழுத வயலில். ஆடு மேயும் மலைப்பக்கம் மேப்பில் வெறுமையாக இருந்தால், அங்கே யாரும் வாழவில்லை என்று அர்த்தமில்லை. சுவீடனில் உப்லாந்து பகுதியில் மட்டும் ஆயிரத்துக்கும் மேல் ரூன் கற்கள். பெரும்பாலானவை 11-ஆம் நூற்றாண்டில் கல் நடும் வழக்கம் அங்கே பரவியதன் விளைவு, மற்ற இடங்களில் ஆள் குறைவு என்பதற்குச் சான்று ஆகாது. காட்லாந்திலும் அப்படித்தான். 1999-இல் ஸ்பில்லிங்ஸில் எடுத்த புதையலில் மட்டும் 67 கிலோ வெள்ளி, 14,000-க்கும் மேல் நாணயங்கள். புதைத்தவர் திரும்ப வந்து எடுக்காததால்தான் அது நம் மேப்பில் புள்ளியாகிறது.

இதையெல்லாம்விடப் பெரிய கோளாறு கடற்கரையில். ஸ்காண்டிநேவியாவில் பழைய பனிப்பாறையின் எடை போன பிறகு நிலம் இன்றுவரை மெல்ல உயர்ந்துகொண்டே இருக்கிறது. சுவீடனின் மேலாரன் ஏரித் தீவில் உள்ள பிர்கா என்ற வைக்கிங் வணிக நகரம் நன்றாக இருந்த காலத்தில், அதாவது 8-ஆம் நூற்றாண்டிலிருந்து 10-ஆம் நூற்றாண்டு வரை, அந்தப் பக்கத்து நீர்மட்டம் இன்றைக்கு இருப்பதைவிட சுமார் 5 மீட்டர் உயரம். இன்று மேலாரன் ஒரு ஏரி, அன்று பால்டிக் கடலின் ஒரு கிளை. இன்றைய கடற்கரையை வைத்து மேப் போட்டால், கடல் வணிகத்துக்குப் பேர்போன ஊர் ஓர் ஏரிக்கு நடுவில் உட்கார்ந்திருக்கும், படிக்கிற பிள்ளைகள் கப்பல் எப்படி உள்ளே வந்தது என்று கேட்கும். கேட்க வேண்டிய கேள்விதான். போலந்துப் பக்கம் த்ரூஸோ என்ற வணிக ஊரும் இப்படித்தான், அதன் பக்கத்து ட்ரூஸ்னோ ஏரி அன்று இன்னும் பெரியது.

மேப் போடுவதென்றால் கியூஜிஐஎஸ் என்ற மென்பொருள் இலவசம், அதிலேயே போடுங்கள். பழைய கரைக்கோடுகளை சுவீடனின் நிலவியல் ஆய்வுத் துறை கொடுக்கிறது, ரூன் கற்களின் இருப்பிடத்தை உப்சாலா பல்கலைக்கழகத்தின் தரவுத்தளத்தில் எடுக்கலாம், ஹார்வர்டின் ரோமானிய, இடைக்கால நாகரிகங்களுக்கான டிஜிட்டல் அட்லஸையும் பாருங்கள். ஒவ்வொரு வகைச் சான்றையும் தனித்தனி லேயராக வையுங்கள். நாணயம், ஊர்ப்பெயர், கல்லறை எல்லாவற்றையும் ஒரே லேயரில் கொட்டிவிட்டால் பிறகு பிரிக்க முடியாது. எந்த ஆண்டு என்று சொல்ல ஒரு நெடுவரிசை இல்லாத அட்டவணையைத் தொடவே வேண்டாம்.

கடையில் வாங்குவதாக இருந்தால் டேன்லா பக்கத்தைத் திறந்து, குறிவிளக்கத்தில் ஆண்டும் சான்றின் வகையும் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். அப்புறம் பிர்கா கடலோரத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். இரண்டும் இருந்தால் தாராளமாக வாங்கலாம்.

வடகாற்று எழுதியது:

கிரீன்லாந்து விட்டுப்போய்விட்டது. சிவப்பு எரிக் (யார்க்கின் எரிக் வேறு) 985 வாக்கில் ஆட்களைக் கூட்டிப்போய்க் குடியேறியது தென்மேற்கு ஓரத்து ஃபியோர்டுகளில் (நிலத்துக்குள் நீளும் குறுகிய கடல்நுழைவுகள்), இரண்டு கொத்துகளாக. கிழக்குக் குடியேற்றம் என்பதும் உண்மையில் மேற்குக் கரையில், தென்கோடியில்தான் இருக்கிறது, இதில் நிறைய பேர் ஏமாறுகிறார்கள். மேற்குக் குடியேற்றம் இன்றைய நூக் பக்கம். மற்றபடி தீவின் பெரும்பகுதி பனி. முழுத் தீவுக்கும் நிறம் அடிக்க ஒரு காரணமும் இல்லை.

அவர்கள் காலத்தில் மேப் வைத்துக்கொண்டு யாரும் கடலில் போகவில்லை. நார்வேயிலிருந்து கிரீன்லாந்து போக ஐஸ்லாந்து நூல் ஒன்று வழி சொல்கிறது: நேராக மேற்கே போ, வானம் நன்றாகத் தெளிந்திருந்தால் மட்டும் ஷெட்லாந்து கண்ணில் படும் தூரத்தில் அதன் வடக்கே கட, ஃபாரோ தீவுகளின் மலை பாதிவரை கடலுக்குள் இருப்பதாகத் தெரியும்படி தெற்கே கட, ஐஸ்லாந்தின் பறவைகளும் திமிங்கிலங்களும் தென்படும் தூரத்தில் அதற்குத் தெற்கே போ. இந்த வழியை மெல்லிய கோடாக வரைந்து, ஓரத்தில் இந்தக் குறிப்புகளை எழுதுங்கள், குழுவில் எல்லோருக்கும் பிடிக்கும்.

யேல் பல்கலைக்கழகத்தில் இருக்கும் ‘வின்லாந்து மேப்’ படத்தை மட்டும் சேர்க்காதீர்கள் (வின்லாந்து என்பது வட அமெரிக்கக் கரைக்கு வைக்கிங்குகள் வைத்த பெயர்). 1965-இல் பெரிய பரபரப்போடு வெளிவந்தது, ஆனால் மையில் 1920-களுக்குப் பிறகு புழக்கத்துக்கு வந்த டைட்டானியச் சேர்மம் இருப்பதால் போலி என்று 2021-இல் யேலே அறிவித்துவிட்டது. அதே 2021-இல்தான் கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் லான்ஸோ மெடோஸ் என்ற வைக்கிங் குடியிருப்பில் கிடைத்த மரத்துண்டுகள் 1021-இல் வெட்டப்பட்டவை என்று மரவளையங்களை வைத்துக் கண்டுபிடித்தார்கள். அங்கே பட்டர்நட் கொட்டைகளும் கிடைத்தன. அந்த மரம் நியூஃபவுண்ட்லாந்தில் வளர்வதில்லை, தெற்கே நியூ பிரன்ஸ்விக் பக்கம் போனால்தான் உண்டு. ஆகவே நியூஃபவுண்ட்லாந்துக்கு நிறம் வேண்டாம். ஒரு புள்ளி, பக்கத்தில் 1021, அதிலிருந்து தெற்கே கேள்விக்குறியோடு ஒரு புள்ளிக்கோடு, அது போதும்.