அம்மாவோட கண்டாங்கிச் சேலையில தைச்ச ஸ்கிரீன் சுருங்கிப்போச்சு, காப்பாத்த முடியுமா?

ஈரோட்டுப் பொண்ணு:
எல்லாருக்கும் வணக்கம். அம்மா போய் ரெண்டு வருஷம் ஆச்சு. பெட்டியில அவங்க கண்டாங்கிச் சேலை ரெண்டு இருந்தது. அரக்குச் சிவப்புல மஞ்சள் கட்டம் போட்டதை எடுத்து ஹால் ஜன்னலுக்கு ஸ்கிரீன் தைச்சேன். ஜன்னல் 48 இஞ்ச் அகலம், 48 இஞ்ச் உயரம். சேலை ஐந்தரை மீட்டர், அகலம் 46 இஞ்ச். 67 இஞ்ச் நீளத்துல ரெண்டு பீஸ் வெட்டி, மேலயும் கீழயும் மடிச்சடிச்சது போக 58 இஞ்ச் தொங்கற மாதிரி பண்ணினேன். மேற்கு வெயில் அடிக்கிற ஜன்னல்ங்கறதால பின்பக்கம் காடாத்துணி, அதான் வெளுக்காத முரட்டு நூல் துணி, வச்சு நாலு பக்கமும் சேர்த்து அடிச்சேன்.

முதல் தடவை துவைச்சதும் காடா மூணு இஞ்ச் சுருங்கிடுச்சு. சேலை அப்படியே இருக்கு. இப்ப கீழ்ப்பக்கம் பை மாதிரி உப்பிக்கிட்டு நிக்குது, ஓரமெல்லாம் சுருக்கம். பார்க்கவே மனசு கஷ்டமா இருக்கு. வேற துணின்னா போகுதுன்னு விட்டுடுவேன். இதைச் சரி பண்ண வழி இருக்கா? மீதி 82 இஞ்ச் துணி கையில இருக்கு, அதுல 16 இஞ்ச் குஷனுக்கு உறை தைக்கலாமா?

தேவகோட்டை ஆச்சி:
ஆத்தா, சேலைக்கு ஒண்ணும் ஆகல. கத்தரியை மட்டும் இப்ப எடுக்காத.

நடந்தது இதுதான். தறியில இழை விறைப்பா இழுபட்டு நிக்கும், கஞ்சியும் சேர்ந்து அதை அப்படியே பிடிச்சு வச்சிருக்கும். தண்ணி பட்டதும் இழை தன் அளவுக்குத் திரும்பிடும். உங்கம்மா சேலை எத்தனையோ துவைப்பு பார்த்தது, சுருங்க வேண்டியதெல்லாம் அப்பவே சுருங்கி முடிச்சது. காடா கடையில இருந்து நேரா மெஷினுக்கு வந்தது. ரெண்டையும் நாலு பக்கமும் கட்டிப்போட்டா சுருங்கறது சுருங்காததை இழுக்கத்தான் செய்யும்.

மேல் மடிப்பை விட்டுடு. ரெண்டு பக்கமும் அடியும் மட்டும் பிரி. பிளேடை வச்சு ரெண்டு துணிக்கும் நடுவுல கிழிச்சுக்கிட்டே போகாத, பழைய நூல் சேலை, ஒரு இழை அறுந்தாலும் அங்கேயிருந்து கிழிஞ்சுக்கிட்டே வரும். அடிப்பக்கத்து நூலை, அதான் பாபின் நூலை, நாலு தையலுக்கு ஒண்ணா சின்னக் கத்தரி நுனியால வெட்டிக்கிட்டே போ. ஒரு முழம் வெட்டினதும் திருப்பி மேல் நூலைப் பிடிச்சு இழு, உருவிக்கிட்டு வரும். சேலையில வரிசையா ஊசி ஓட்டை தெரியும், பயப்படாத. விரல்ல தண்ணி தொட்டு, நகத்தால குறுக்கயும் நெடுக்கயும் லேசா நீவிவிட்டு இஸ்திரி போடு. நூல் துணிங்கறதால இழை நகர்ந்து ஓட்டை மூடிக்கும்.

மேல தைச்சது தைச்சபடியே இருக்கட்டும், காடாவை மட்டும் தனியா ஒரு பேசின்ல சுடுதண்ணியில ஒரு மணி நேரம் ஊற வை. மிச்ச மீதி சுருங்கறதும் சுருங்கிடும். சேலை அந்தத் தண்ணியில படாம பார்த்துக்க, அரக்குச் சாயம் இறங்கலாம். காடா காஞ்சதும் ஓரங்களைத் தனியா மடிச்சடி. இனிமே ரெண்டையும் மேல மட்டும்தான் சேர்க்கணும். கீழ அதது தன்பாட்டுக்குத் தொங்கட்டும்.

காடா குட்டையாப் போச்சேன்னு நினைக்காத. நீ சொன்ன அளவைப் பார்த்தா ஸ்கிரீன் ஜன்னலுக்கு மேல 4 இஞ்ச், கீழ 6 இஞ்ச் தள்ளித்தானே வருது? மூணு இஞ்ச் குறைஞ்சாலும் ஜன்னல் முழுக்க மூடிக்கும். எப்படியும் உள்துணி ஒரு இஞ்சாவது மேலதான் நிக்கணும், இல்லேன்னா வெளிய எட்டிப்பார்க்கும். காத்துல ரெண்டும் தனித்தனியா பறந்தா, கீழ் மூலை ரெண்டுலயும் ஒரு இஞ்ச் நீளத்துக்கு நூலைச் சங்கிலி மாதிரி பின்னி ரெண்டு துணியையும் இணைச்சுடு.

உள்துணி வச்சது நல்லதுதான். எங்க வீட்டு மேற்கு ஜன்னல்ல உள்துணி இல்லாம ஒரு சுங்குடி ஸ்கிரீன் போட்டிருந்தேன். ரெண்டு வருஷத்துல மடிப்பு வரிசை வரிசையா வெளுத்து, மூணாம் வருஷம் கை வச்ச இடத்துல விட்டுப்போச்சு.

குஷனுக்கு வர்றேன். முதல்ல அந்த 82 இஞ்ச் துணியை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரா தூக்கிப் பிடி. இடுப்புல சொருகுற இடமும் உட்கார்ற இடமும் தேஞ்சிருக்கும், சல்லடை மாதிரி வெளிச்சம் தெரியும். அதைச் சாக்பீஸால வட்டம் போட்டுக்க. 40 இஞ்ச் நீளம், 17 இஞ்ச் அகலம் ஒரு உறைக்கு. முன்பக்கம் 16, பின்பக்கம் 16, ஒண்ணு மேல ஒண்ணு ஏறி மூட 5, ரெண்டு மடிப்புக்கும் சேர்த்து 3. ஜிப் வேண்டாம், பழைய துணியில ஜிப் பல் கடிச்சா கிழிஞ்சிடும். கரையை விட்டு நடுவுல 34 இஞ்ச் எடுத்தா நாலு உறை வரும். வெட்டறதுக்கு முன்னாடி ஒரு இழையை உருவிப் பாரு, அந்தக் கோடுதான் நேர்கோடு. ஸ்கேல் பழைய சேலையில பொய் சொல்லும். ரெண்டு பக்கமும் ஆறு ஆறு இஞ்ச் கரை மிஞ்சும், அதுல ஸ்கிரீனைக் கட்டி வைக்கிற பட்டை தை.

தேஞ்ச இடம் வர்ற உறைக்கு மட்டும் பின்னாடி மெல்லிசான மல் துணி வச்சு கையால ஓட்டுத்தையல் போட்டுக்க. அந்த மல்லையும் நனைச்சு காயவச்சுட்டு வை.

கரூர் கட்டிங் மாஸ்டர்:
ஆச்சி சொன்னது அத்தனையும் சரி. ஏற்றுமதி யூனிட்ல இருக்கேன், அங்க புதுத்துணி வந்தா முதல் வேலை இது: 50 சென்டிமீட்டருக்கு 50 சென்டிமீட்டர் சதுரம் அழியாத மையால குறிச்சு, துவைச்சு, காயவச்சு திரும்ப அளப்போம். 47.5 ஆச்சுன்னா 5 சதவீதம். உங்க காடாவும் 58-க்கு 3 போயிருக்கு, கிட்டத்தட்ட அதே கணக்கு. வீட்ல செய்யணும்னா 20 இஞ்ச் குறிச்சுக்கங்க, நீளத்துலயும் அகலத்துலயும். ரெண்டும் ஒரே மாதிரி சுருங்காது.

மெஷின்ல 14-ஆம் நம்பர் ஊசி போதும். நுனி மழுங்கின பழைய ஊசியை மட்டும் இந்தச் சேலையில ஓட்டாதீங்க, இழையை இழுத்துடும். இஞ்ச்சுக்கு 10 தையல் வையுங்க, அதுக்கு மேல நெருக்கினா பழைய துணி அந்த வரியிலேயே கிழியும்.

பாத்திமா, கீழக்கரை:
உறைக்குள்ள இலவம்பஞ்சு அடைக்கறதா இருந்தா நேரா அடைக்காதீங்க. நெருக்கமா நெய்த துணியில உள்பை ஒண்ணு தனியா தைச்சு அதுல அடைங்க. இல்லேன்னா பஞ்சு சேலையிழை வழியா வெளிய வந்துக்கிட்டே இருக்கும். எங்கம்மா சேலையில தைச்சப்போ எனக்கு அதுதான் நடந்தது. துவைக்கறதும் சுலபம்.

ஈரோட்டுப் பொண்ணு:
ஆச்சி, ரெண்டு சாயங்காலம் உட்கார்ந்து பிரிச்சேன். மேல் நூல் நீங்க சொன்ன மாதிரியே உருவிக்கிட்டு வந்தது. காடா சுடுதண்ணியில இன்னும் அரை இஞ்ச் சுருங்குச்சு, ஆனாலும் ஜன்னல் மூடுது. நேத்துத் திரும்ப மாட்டினேன். கரை ரெண்டும் நேரா இறங்குது, சுருக்கம் ஒண்ணுகூட இல்லை.

வெளிச்சத்துல பிடிச்சுப் பார்த்தேன், முந்தியில இருந்து ஒண்ணரை முழம் தள்ளி உள்ளங்கை அளவுக்குத் தேஞ்சிருக்கு. மூணு உறை அதை விட்டு வெட்டிட்டேன், நாலாவதுல அந்த இடம் வந்தே ஆகணும். நாளைக்கு மல் துணி வாங்கப் போறேன். ஒரு மீட்டர் போதுமா, ஆச்சி?

தேவகோட்டை ஆச்சி:
ஒரு உறைக்கு அரை மீட்டரே தாராளம். ஒரு மீட்டராவே வாங்கு, ரெண்டாவது சேலைக்கும் வேணுமில்ல. நனைச்சுட்டு வெட்டு.