மழைக்கால ராத்திரியில் பூண்டு ரொட்டி நமத்துப் போகாமல் இருக்க என்ன செய்தீர்கள்? நம் கடற்கரைக்காரர்கள் அனுபவம்

மண்டபத்தில் இருந்து

போன ஐப்பசியில் நடந்தது. அண்ணன் குடும்பம் மதுரையில் இருந்து வந்திருந்தது. ராமேசுவரத்தில் சாமி கும்பிட்டு, தனுஷ்கோடி வரை போய்விட்டுத் திரும்பும்போது மழை பிடித்துக்கொண்டது. பாம்பன் பாலம் தாண்டி, மண்டபம் ஊரில் இருக்கும் எங்கள் வீடு வந்து சேர ராத்திரி எட்டு மணி. பிள்ளைகள் நனைந்து நடுங்கிக்கொண்டு நின்றார்கள். நண்டு ரசம் தயாராக இருந்தது. சோறு வேண்டாம், ரசத்தை மட்டும் சூடாக ஊற்றிக் கொடுங்கள் என்றார்கள். வெறும் ரசம் எத்தனை நேரம் வயிற்றில் நிற்கும்? கடையில் வாங்கிய சால்ட் பிரட் ஒரு பாக்கெட் கிடந்தது. வெண்ணெயில் பூண்டைத் தட்டிப் போட்டு, மிளகுத்தூளும் கொத்தமல்லியும் கலந்து தடவி, தோசைக்கல்லில் போட்டுப் போட்டு எடுத்தேன். பதினாறு துண்டு. ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கி, ஆறிவிடக் கூடாதே என்று ஹாட்பாக்ஸில் வைத்து மூடினேன்.

எல்லாரும் உட்கார்ந்த பிறகு திறந்தால், மூடியின் உள்பக்கம் முத்து முத்தாக நீர். மேலே இருந்த துண்டை எடுத்தபோது இரண்டு பக்கமும் துவண்டு தொங்கியது. பூண்டு வேறு கருகிக் கசந்தது. அண்ணன் மகளுக்கு ஆறு வயது. ஒரு கடி கடித்துவிட்டு, "அத்தை, பஞ்சு மாதிரி இருக்கு" என்றாள். மதினி ஒன்றும் சொல்லாமல் ரசத்தில் தோய்த்துச் சாப்பிட்டார். அந்த ராத்திரி எனக்குத் தூக்கமே வரவில்லை. குளிரில் வந்த பிள்ளைகளுக்கு மொறுமொறுவென்று நாலு துண்டு கொடுக்க முடியவில்லையே என்றுதான் இருந்தது.

எதிர்வீட்டு லாத்தா, அதாவது அக்கா, கீழக்கரையில் இருந்து இங்கே வாழ வந்தவர். மறுநாள் அவரிடம் சொன்னேன். "முதலில் வெறும் ரொட்டியைக் காய வை. வெண்ணெய் பிறகுதான்" என்றார். அடுப்படிக்கே வந்து செய்தும் காட்டினார். தோசைக்கல்லைச் சிறு தீயில் வைத்து, எண்ணெய் பொட்டு இல்லாமல், ஒரு பக்கம் இரண்டு நிமிடம், மறு பக்கம் இரண்டு நிமிடம். கரண்டியால் தட்டினால் அப்பளத்தைத் தட்டுவது போலச் சத்தம் வர வேண்டும். அப்புறம்தான் உருக்கிய வெண்ணெயைத் தடவி, பக்கத்துக்கு அரை நிமிடம்.

காரணத்தைப் பிறகு நானே யோசித்துப் பார்த்தேன். ரொட்டியில் ஈரம் இருக்கும்வரை அதன் சூடு 100 டிகிரியைத் தாண்டாது, தண்ணீர் ஆவியாகிக்கொண்டே இருக்கும். சிவந்து மணக்கும் வேலை 140 டிகிரியை ஒட்டித்தான் வேகம் பிடிக்கும். வெண்ணெயிலும் தண்ணீர் உண்டு. முதலிலேயே தடவினால் ஈரத்தின் மேல் ஈரம். ரொட்டி காய்வதற்குள் பூண்டு கருகிவிடுகிறது. நான் அன்றைக்குச் செய்தது அதுதான்.

இன்னொன்றும் லாத்தா சொன்னார். ஹாட்பாக்ஸைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு, சுளகை, அதாவது முறத்தை எடு என்றார். பனையோலைச் சுளகில் துண்டுகளை ஒன்றின் மேல் ஒன்று படாமல் பரப்பினோம். ஓலைப் பின்னலின் இடுக்கு வழியாக ஆவி கீழே போய்விடுகிறது. கால் மணி நேரம் கழித்து எடுத்துக் கடித்தேன், அப்போதும் நொறுங்கியது.

இதெல்லாம் எனக்குத் தெரிந்த வரை. உங்கள் வீட்டில் எப்படிச் செய்கிறீர்கள், எதோடு பரிமாறுகிறீர்கள் என்று எழுதுங்கள்.


கீழக்கரையில் இருந்து

உங்கள் எதிர்வீட்டு லாத்தாவுக்கு என் சலாம் சொல்லுங்கள். எங்கள் உம்மாவும் இப்படித்தான் காய வைப்பார். ராத்திரி ஆட்டுக்கால் பாயா இருந்தால் கூடவே இந்த ரொட்டி இருக்கும். மெத்தென்ற ரொட்டி பாயாவில் போட்டதும் கரைந்துவிடும். காய்ந்த ரொட்டிதான் சாற்றை வாங்கிக்கொண்டு உருக்குலையாமல் நிற்கும்.

நான் சொல்ல வந்தது உப்பும் மிளகாயும் பற்றி.

நம் பக்கம் கல் உப்பு என்றால் வாலிநோக்கம் உப்பளம் நினைவுக்கு வரும். கல் உப்பு நல்ல உப்பு, ஆனால் மழைக்காலத்தில் ஜாடியிலேயே கசிந்து ஓடும். காற்றில் இருக்கிற ஈரத்தை இழுக்கிற குணம் அதற்கு உண்டு. அதை அப்படியே ரொட்டியின் மேல் தூவினால், தூவிய இடமெல்லாம் ஐந்து நிமிடத்தில் பிசுபிசுக்கும். ஒரு தடவை வீட்டுக்கு வந்த சம்பந்திக்குப் பரிமாறும்போது எனக்கு இது நேர்ந்தது. உப்பு விழுந்த புள்ளியெல்லாம் அம்மைத் தழும்பு மாதிரி குழிந்து ஈரமாகிவிட்டது. அன்றில் இருந்து கல் உப்பை வெறும் சட்டியில் படபடவென்று பொரிகிறவரை வறுத்து, ஆறவைத்துப் பொடித்து, வெண்ணெயிலேயே கலந்துவிடுகிறேன். மேலே தூவுவதே இல்லை. கடை வெண்ணெயில் உப்பு இருக்கிறதா என்று முதலில் நாக்கில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள். உப்பு வெண்ணெயாக இருந்தால் வேறு உப்பே வேண்டாம்.

மிளகாய்க்கு நம் ராமநாதபுரம் குண்டு மிளகாய் இருக்க வேறு எதற்குப் போக வேண்டும்? முண்டு என்றும் சொல்கிறோமே, 2023இல் புவிசார் குறியீடு கிடைத்ததே, அதுதான். தோல் தடிமன், மணம் தனி. எட்டுத் துண்டுக்கு இரண்டு போதும். சிறு தீயில் சூடு காட்டி, காம்பைக் கிள்ளி, விதையைப் பாதி உதறிவிட்டு, அம்மியில் ஒன்றிரண்டாகத் தட்டுங்கள். தூளாக்கிவிட்டால் வெண்ணெயில் கருகும். கொரகொரப்பாக இருந்தால் ஒவ்வொரு கடியிலும் தனித்தனியாகத் தெரியும்.


தங்கச்சிமடத்தில் இருந்து

இதைப் படித்ததும் எங்கள் தாத்தா ஞாபகம்தான் வந்தது. அவர் இளவயதில் கொழும்பில் ஒரு சாப்பாட்டுக் கடையில் வேலை பார்த்தவர். தனுஷ்கோடி வரை ரயில், அங்கிருந்து தலைமன்னாருக்குக் கப்பல் என்று 1914இல் இருந்து ஓடிக்கொண்டிருந்த பாதையில் போய் வந்தவர். 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடி போன பிறகு ஊரோடு தங்கிவிட்டார். கடைசி வரை ரொட்டியைப் பாண் என்றுதான் சொல்வார். போர்த்துக்கீசியர் விட்டுப்போன சொல் அது, இலங்கையில் இன்றைக்கும் அப்படித்தான் சொல்கிறார்கள்.

தாத்தா தோசைக்கல்லைத் தொட மாட்டார். சிரட்டையை (கொட்டாங்குச்சியை) எரித்துக் கனல் ஆக்கி, கருவாடு சுடுகிற கம்பிவலையை அதன் மேல் வைத்து, பாணைத் தடிமனாக, ஒரு விரல் அகலத்துக்கு வெட்டிச் சுடுவார். வெளியே கோடு கோடாகக் கருஞ்சிவப்பு, உள்ளே மெதுமை. சுட்ட சூட்டோடு ஒரு பூண்டுப் பல்லைக் குறுக்கே வெட்டி அதன் மேல் தேய்ப்பார். காய்ந்த ரொட்டியின் முகம் துருவி மாதிரி சொரசொரப்பாக இருக்கும். மூன்று நாலு இழுப்பில் அந்தப் பல் பாதியாகத் தேய்ந்துவிடும். பூண்டு தீயையே பார்க்காததால் கசப்பு என்ற பேச்சே கிடையாது. அதன் மேல் கறிவேப்பிலை பொரித்த தேங்காய் எண்ணெய் நாலு சொட்டு. பக்கத்தில் மாசிக் கருவாடு இடித்துப் போட்ட தேங்காய்ச் சம்பல்.

மண்டபம் அக்கா, உங்களுக்குப் பூண்டு கருகியது என்று எழுதியிருந்தீர்கள். இந்தத் தேய்க்கிற முறையைச் செய்து பாருங்கள். குழந்தைகளுக்குக் காரமாகப் பட்டால் ஒரே இழுப்போடு நிறுத்திவிடலாம்.


பாம்பனில் இருந்து

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு கடலுக்குப் போகாது. அந்த 61 நாளும் எங்கள் வீட்டில் கையைக் கட்டித்தான் செலவு. ராத்திரிக்கு முருங்கைக்கீரை சூப்பும் ரொட்டியும் அம்மா செய்வார். வெண்ணெய்க்குப் பதில் நல்லெண்ணெய். அதில் நெத்திலிக் கருவாட்டை வறுத்துப் பொடித்த பொடி ஒரு ஸ்பூன், மிளகு, ஒரு சின்ன வெங்காயம் பொடியாக நறுக்கியது. உப்பு போடவே கூடாது, கருவாட்டில் இருப்பதே போதும். மீன் இல்லாத ராத்திரியில் மீன் மணத்தோடு சாப்பிட்டோம் என்று தம்பி தங்கைகள் நிம்மதியாகப் படுப்பார்கள். எழுத அவ்வளவுதான்.


ஏர்வாடியில் இருந்து

பத்து வருடம் துபாயில் ஒரு ஹோட்டல் சமையலறையில் நின்றவன் நான். தங்கச்சிமடத்துத் தாத்தா செய்ததைப் படித்தபோது மெய்சிலிர்த்தது. இத்தாலியில் புருஸ்கெட்டா என்று ஒன்று உண்டு. கனலில் சுட்ட ரொட்டி, மேலே தேய்த்த பூண்டு, ஆலிவ் எண்ணெய், உப்பு, அவ்வளவுதான். அதன் பெயரே கனலில் சுடுவது என்ற சொல்லில் இருந்து வந்தது. தாத்தாவுக்கு இத்தாலியைப் பற்றி யார் சொல்லியிருப்பார்கள்? நல்ல ரொட்டியும் கனலும் பூண்டும் கையில் இருந்தால் நல்ல சமையல்காரன் கை அங்கேதான் போகும்.

வேலையில் கற்றதில் இரண்டு விஷயம் நம் ஊருக்குப் பொருந்தும். ஒன்று, வெண்ணெயோடு நெய் கலப்பது. வெண்ணெயில் இருக்கிற பால்பொருள்தான் முதலில் கருகும். நெய்யில் அது வடிகட்டிப் போய்விட்டது, அதனால் அதிகச் சூடு தாங்கும். வெண்ணெய் மணம் வேண்டும், கருகவும் கூடாது என்றால் பாதிக்குப் பாதி. எட்டுத் துண்டுக்கு வெண்ணெய் இரண்டு ஸ்பூன், நெய் இரண்டு ஸ்பூன், பூண்டு நாலு பல், மிளகு அரை ஸ்பூன் என்று நான் வைத்துக்கொள்வேன். ஓவன் உள்ளவர்கள் 180 டிகிரியில், தட்டில் வைக்காமல் கம்பி மேல் வைத்து, எட்டில் இருந்து பத்து நிமிடம் விடலாம். கடைசி இரண்டு நிமிடம் பக்கத்திலேயே நிற்க வேண்டும்.

இரண்டாவது, எந்த ரொட்டி என்பது. அன்றைக்கே வந்த ரொட்டி வேண்டாம், மறுநாள் ரொட்டிதான் சரியாக வரும். புது ரொட்டி கத்திக்குக் கீழே நசுங்கும், காயவும் நேரம் எடுக்கும். ஆனால் நம் கடற்காற்றில் மூன்றாம் நாளே பூஞ்சணம் பூத்துவிடும், அது ஓரத்தில் தெரிந்தால்கூட முழுப் பாக்கெட்டையும் போட்டுவிடுங்கள். பூஞ்சணத்துக்குப் பயந்து பலரும் ஃபிரிட்ஜில் வைக்கிறார்கள். அங்கேதான் ரொட்டி சீக்கிரம் வறண்டு விறைக்கும். வைப்பதென்றால் ஃப்ரீசரில் வையுங்கள். எடுத்து அப்படியே கல்லில் போடலாம், ஒரு நிமிடம் கூடுதலாகப் பிடிக்கும்.

ஸ்வீட் பிரட்டில் இதைச் செய்யாதீர்கள். சர்க்கரை முதலில் சிவந்து ஏமாற்றிவிடும். மேலே பார்த்தால் வெந்தது போல இருக்கும், உள்ளே ஈரம் அப்படியே இருக்கும்.


மண்டபத்தில் இருந்து

எல்லாருக்கும் நன்றி. தை அமாவாசைக்கு அண்ணன் குடும்பம் மறுபடி வந்தார்கள். அக்னி தீர்த்தத்தில் முழுகிவிட்டு, ராத்திரி இங்கேதான் சாப்பாடு. வாடைக்காற்று அடித்துக்கொண்டிருந்தது. அமாவாசை என்பதால் அன்று நண்டு இல்லை, மிளகு ரசமும் பருப்பும்தான்.

ஏர்வாடி காக்கா (அண்ணன்) சொன்னபடி பாதிக்குப் பாதி கலந்தேன். கீழக்கரையில் இருந்து எழுதியவர் சொன்னபடி உப்பை வறுத்து அதிலேயே போட்டேன், குண்டு மிளகாய் இரண்டு. பெரியவர்களுக்கு அதைத் தடவினேன். பிள்ளைகளுக்கு மிளகாய் இல்லாமல், தாத்தா முறையில் பூண்டை ஒரே இழுப்பு தேய்த்து நெய் தொட்டு வைத்தேன். சுளகைக் கூடத்தின் நடுவில் வைத்து, கல்லில் இருந்து எடுக்க எடுக்கப் பரப்பினேன். யாரையும் காத்திருக்கச் சொல்லவில்லை. சுடச்சுட அவரவர் எடுத்துக்கொண்டார்கள். அண்ணன் மகள் ஒரு துண்டைக் காதருகே வைத்துக் கடித்து, சத்தம் கேட்கிறதா என்று அவள் தம்பியிடம் கேட்டாள். மதினி அளவெல்லாம் கேட்டு எழுதிக்கொண்டு போயிருக்கிறார்.

இனி நெத்திலிப் பொடி ஒன்றுதான் பாக்கி. வெள்ளிக்கிழமை கழித்துச் செய்யலாம் என்று இருக்கிறேன். பாம்பன் தம்பி, வறுக்கும் முன்னால் தலையைக் கிள்ள வேண்டுமா, அப்படியே போடலாமா?


பாம்பனில் இருந்து

கிள்ளிவிடுங்கள் அக்கா. தலையில் மணல் இருக்கும், கசப்பும் அங்கேதான். வெந்நீரில் இரண்டு தடவை அலசி, வெயிலில் நன்றாகக் காயவிட்டு அப்புறம் வறுங்கள். ஈரத்தோடு வறுத்தால் பொடி ஆகாது.