முதுமலை சாம்பல் மந்தி, வால்பாறை கருங்குரங்கு, நம்ம ஊர்க் குரங்கு மூணும் ஒரே ஜாதியா?

ஆடுதுறை சம்பா:
எங்க ஊருக்குத் தேவாரப் பேரு தென்குரங்காடுதுறை, சுக்ரீவன் பூஜித்த தலம்னு சொல்வாங்க. வாலிக்கு வடகுரங்காடுதுறை. ஆனா இங்கே நான் பார்த்ததெல்லாம் தேங்காய்மூடியைப் பிடுங்கற சாதாரணக் குரங்குதான். கோடை லீவுல முதுமலை போனப்ப சாம்பல் உடம்பு, கருத்த முகம், நீட்டு வால்னு ஒண்ணைப் பார்த்தோம். வால்பாறைல உடம்பெல்லாம் கருப்பா இன்னொண்ணு. மூணும் சொந்தக்காரங்களா? இன்னொரு விஷயம், தோப்புல குரும்பையைப் பிய்ச்சுப் போடற குரங்கை விரட்ட ஒரு லங்கூரை (முதுமலைல பார்த்த மாதிரி நீட்டு வால் மந்தி) கொண்டுவந்து கட்டிடலாம்ங்கறார் எங்க மாமா. டெல்லியில அப்படித்தான் செய்வாங்களாம்.

கோடியக்கரை உப்பு:
எங்க சரணாலயத்துலயும் நாட்டுக்குரங்குதான் சார். வெளிமான், நரி, மட்டக்குதிரை எல்லாம் உண்டு, லங்கூர் கிடையாது. நாட்டுக்குரங்கு வேர்க்கடலையைக் கன்னத்துல அடைச்சுக்கிட்டு ஓடும். லங்கூர் அப்படி அடைக்கிறதை நான் பார்த்ததில்லை.

மாயவரம் விலங்கியல் வாத்தியார் (ஓய்வு):
தம்பி கோடியக்கரை சரியான இடத்தில் கை வைத்துவிட்டார். நிறத்தை விடுங்கள், கன்னத்தையும் வயிற்றையும் பாருங்கள். நாட்டுக்குரங்குக்குக் கன்னப்பை உண்டு, லங்கூருக்குக் கிடையாது. பழைய உலகக் குரங்குக் (ஆசியா, ஆப்பிரிக்காக் குரங்குகள்) குடும்பம் ஒன்றுதான்; அதற்குள் கன்னப்பைக்காரர்கள் ஒரு பிரிவு, இலைதின்னிகளான லங்கூர் வகைகள் இன்னொரு பிரிவு. முதுமலையும் வால்பாறையும் இலைதின்னிப் பிரிவு. ஆடுதுறை ஆசாமி மற்றது, பங்காளி முறை.

இலைதின்னியின் இரைப்பை பல அறைகளாகப் பிரிந்தது. முன் அறையில் நுண்ணுயிரிகள் இலையைப் புளிக்கவைக்கும், மாட்டுக்கு நடப்பதுபோலவே. (அசைபோடுவது மட்டும் இல்லை.) நம் கண்ணீரில் கிருமியைக் கொல்லும் லைசோசைம் என்ற நொதி இருக்கிறதே, அது மாட்டிலும் லங்கூரிலும் வயிற்று வேலைக்கு மாறி, அந்த நுண்ணுயிரிகளையே செரித்துப் புரதமாக்குகிறது. இரண்டிலும் அந்த நொதி தனித்தனியாக ஒரே மாதிரி மாறியிருப்பதை 1987-இல் கண்டுபிடித்தார்கள். வகுப்பில் இதைச் சொல்லும்போது கடைசி பெஞ்சும் நிமிரும். இந்த வயிறு இருப்பதால்தான் லங்கூருக்குப் பிஸ்கட்டும் சோறும் போடக்கூடாது என்கிறேன். அரிசிச்சோறு மிதமிஞ்சித் தின்ற மாட்டுக்கு வயிறு கெட்டுப்போவதை டெல்டாக்காரருக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

டெல்டாவில் லங்கூர் ஏன் இல்லை என்பதற்கும் பாதி விடை இதுதான். வருஷம் முழுக்கக் கொழுந்தும் காயும் மாறிமாறிக் கிடைக்கும் மரக்கூட்டம் அதற்கு வேண்டும். நம்மிடம் இருப்பது வயல். திருவாரூர் முசுகுந்தன் கதையில் குரங்கு சிவராத்திரி முழுக்க வில்வ இலையைப் பறித்துப் பறித்துக் கீழே போட்டதே, லங்கூர் மேயும் மரத்தடியில் நின்றவர்கள் அதை நம்புவார்கள். தின்பதற்குச் சமமாக உதிர்க்கும்.

வகைப்பாடு ஒரு தீராத வழக்கு. சாம்பல் லங்கூர் எல்லாம் ஒரே இனம் என்றுதான் வெகுகாலம் இருந்தது. 2001-இல் விலங்கியல் அறிஞர் கோலின் குரோவ்ஸ் அதை ஏழாகப் பிரித்தார். முதுமலையில் நீங்கள் பார்த்தது செம்னோபிதிகஸ் பிரியாம், 1844-இல் எட்வர்ட் பிளைத் என்ற விலங்கியலாளர் பெயரிட்டது. தலையில் கூம்பாக ஒரு முடிக்கொத்து இருக்கும். இதே இனம் இலங்கையிலும் உண்டு. கருங்குரங்கைக் குரோவ்ஸ் வேறு பேரினத்தில் (நெருங்கிய இனங்களின் தொகுதி) வைத்தார். 2008-இல் வெளியான மரபணு ஆய்வு அதைச் சாம்பல் லங்கூர்களோடு சேர்த்தது. நான் படித்த காலத்துப் புத்தகம் வேறு, பேரன் படிக்கும் புத்தகம் வேறு.

கருங்குரங்கின் அறிவியல் பெயர் செம்னோபிதிகஸ் ஜானியை. அந்த ஜான் யார் தெரியுமா? நம்ம தரங்கம்பாடிப் பாதிரியார் கிறிஸ்டோப் சாமுவேல் ஜான். 1771-இல் வந்தவர், 1813-இல் இங்கேயே இறந்தார். மீன், பாம்பு என்று சேகரித்து ஐரோப்பாவுக்கு அனுப்பியவர்; மண்ணுளிப் பாம்பின் அறிவியல் பெயரிலும் அவர்தான் இருக்கிறார். டெல்டாவில் லங்கூர் இல்லாவிட்டாலும் அதன் பெயரில் டெல்டாக்காரர் உட்கார்ந்திருக்கிறார்!

மாமா விஷயம்: வேண்டாம். 1972 வனவிலங்குச் சட்டப்படி லங்கூரைப் பிடித்துக் கட்டிவைப்பதே குற்றம். டெல்லியிலும் அதை நிறுத்திவிட்டு, லங்கூர் மாதிரிக் கத்த ஆட்களை வைத்தார்கள். மாமாவுக்குத் தொண்டை எப்படி?

ஆடுதுறை சம்பா:
நல்லாத்தான் இருக்கு சார், பாதி ஊர் ஓடும் :) இன்னொண்ணு மட்டும். டாப்ஸ்லிப்ல கருப்பும் இல்லாம சாம்பலும் இல்லாம ஒண்ணைப் பார்த்ததா என் தங்கை சொல்றா. கலப்பா இருக்குமா?

மாயவரம் விலங்கியல் வாத்தியார் (ஓய்வு):
இருக்கலாம். டாப்ஸ்லிப் இருக்கும் ஆனைமலையில் இரண்டும் கலந்து குட்டி போடுவது பதிவாகியிருக்கிறது. இனம் பிரிக்கிறவர்களுக்கு அதுதான் தலைவலி. ஆனால் கருங்குரங்குக் குட்டி பிறந்ததும் செம்பழுப்பாகத்தான் இருக்கும், சில வாரங்கள் கழித்தே கருக்கும். தங்கை பார்த்தது தாய் மடியில் இருந்ததா, தனியாக மரத்தில் இருந்ததா என்று முதலில் கேளுங்கள். போட்டோ இருந்தால் வால் முழுக்கத் தெரிவதாகப் போடுங்கள்.