இசௌராவை நீங்கள் எங்கே பார்த்தீர்கள்?

விடுதி87

லுசேலியா சாந்தோஸ் என்றால் யார் என்பீர்கள், இசௌரா என்றால் உடனே பிடிபடும். பிரேசில் டிவி நாடகத்தில் இசௌரா என்ற அடிமைப் பெண்ணாக நடித்தவர். அதனால் கதைச்சுருக்கம் எல்லாம் எழுதப் போவதில்லை. 1988 கடைசி, மாஸ்கோ, எங்கள் ஹாஸ்டல். வாசலில் ஒரு பாட்டி உட்கார்ந்திருப்பார். வாக்த்யோர்ஷா என்பார்கள். வாட்ச்மேன், வார்டன், மாமியார் மூன்றும் சேர்ந்த உத்தியோகம். அட்டையைக் காட்டாமல் ஈ நுழைய முடியாது. ஆனால் டிவியில் இசௌரா ஓடுகிற நேரத்தில் யானையை ஓட்டிக்கொண்டு போனாலும் திரும்பிப் பார்க்க மாட்டார். ஹாஸ்டலில் தடை செய்திருந்த கரண்ட் அடுப்பை எல்லாம் நாங்கள் உள்ளே கடத்தியது அந்த நேரத்தில்தான்.

அன்றைக்கு என் கையில் ஒரு பை உருளைக்கிழங்கு மட்டும். நழுவிவிடலாம் என்று பார்த்தால் டிவியில் தீ. இசௌராவின் எஜமான் லியோன்சியோ கொளுத்திவிட்டான், உள்ளே இசௌரா இருக்கிறாள் என்று நினைத்து. செத்ததோ அவன் பெண்டாட்டி மல்வினாவும், இசௌரா விரும்பிய தோபியாஸும். பாட்டி சத்தமில்லாமல் அழுதுகொண்டிருந்தார், தலையில் கட்டிய துணியின் நுனியால் மூக்கைத் துடைத்தபடி. நான் நிற்பதைப் பார்த்ததும் என் மணிக்கட்டைப் பிடித்தார். பிடித்த இடத்தையே, அதாவது என் தோலையே, கொஞ்ச நேரம் பார்த்தார். "உங்கள் பக்கமும் இப்படி ஆள் வைத்திருந்தார்களா?" என்று கேட்டார்.

இல்லை, அதெல்லாம் பிரேசிலில் என்று சொல்லிவிட்டு மாடிக்கு ஓடிவிட்டேன்.

ரஷ்ய மொழி வராமல் இல்லை, நன்றாகவே வரும். எங்கள் ஊர் தஞ்சாவூர்ப் பக்கம். தாத்தா காலத்திலிருந்து பண்ணையாள் என்று ஒரு குடும்பம் உண்டு. அந்தப் பெரியவர் திண்ணையில் ஏறி நான் பார்த்ததில்லை. அவருக்குக் கொட்டாங்குச்சியில்தான் தண்ணீர். அந்த நாடகத்துக்கு அப்புறம் ரஷ்யர்கள் தங்களுடைய 15 சென்ட் தோட்டத்தை எல்லாம் கேலியாக "ஃபசேண்டா" என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். ஃபசேண்டா என்றால் தமிழில் பண்ணை என்பது எனக்கு அன்றைக்கே தெரியும்.

போன மாதம் யூடியூபில் அந்த டைட்டில் பாட்டு, அதுதான் அந்த "லெரே லெரே", தானாக வந்து ஓடியது. அதிலிருந்து இதே நினைப்பு. உங்களுக்கும் இசௌராவோடு ஏதாவது இருந்தால் எழுதுங்கள்.

என்ஜின்ரூம்

எனக்கு ஷாங்காய். 90களில் பிரேசிலின் சாந்தோஸ் துறைமுகத்தில் சோயா ஏற்றிக்கொண்டு போயிருந்தோம். நான் நான்காவது என்ஜினியர், கேங்வே பக்கம் நின்று பீடிக்கு ஏங்கிக்கொண்டிருந்தேன். சரக்கு இறக்க வந்த ஒரு வயசாளி என்னிடம், எங்கிருந்து வருகிறீர்கள் என்று சைகையில் கேட்டார். பிரேசில் என்றேன். அவ்வளவுதான், "யீசுவோலா! யீசுவோலா!" என்று கத்திக்கொண்டே கையில் கிடந்த கயிற்றைச் சாட்டை மாதிரி சுழற்றி என் பக்கம் வீசுவது போலக் காட்டிவிட்டுச் சிரிக்கிறார். கறுப்பாக இருக்கிறேன் என்று அடிமையாக்கி விளையாடுகிறான் என்று நினைத்து அவர் சட்டையைப் பிடித்துவிட்டேன். நாலு பேர் வந்து பிரித்தார்கள்.

எங்கள் சீஃப் அப்புறம்தான் விளக்கினார். 84ல் சீனா முழுக்க அந்த நாடகம் ஓடியிருக்கிறது, 85ல் அங்கே நேயர்கள் ஓட்டுப் போட்டுக் கொடுக்கும் தங்கக் கழுகு விருதை லுசேலியாவுக்குக் கொடுத்திருக்கிறார்கள். அவருக்குத் தெரிந்த பிரேசில் மொத்தமும் அந்த ஒரு பெயர்தான், அதை வைத்து என்னோடு சிநேகமாகப் பேசப் பார்த்திருக்கிறார். அல்லது நான் முதலில் நினைத்ததே சரியோ? இன்றுவரை தெரியவில்லை. கிழிந்தது அவர் சட்டைப் பொத்தான், அது மட்டும் ஞாபகம் இருக்கிறது.

க்ராகோவ்_குமாரி

விடுதி87 அண்ணா, ரஷ்யாவில்தான் இசௌரா பைத்தியம் என்பது போல எழுதியிருக்கிறீர்கள், சின்னத் திருத்தம். சீனாவுக்கு 84, போலந்துக்கு 85, உங்களுக்கு வந்து சேர்ந்தது 88. இங்கே போலந்தில் லுசேலியாவும் லியோன்சியோவாக நடித்த ருபென்ஸ் டி ஃபால்கோவும் நேரிலேயே வந்தார்கள், பார்க்கக் கூட்டம் மொய்த்துவிட்டது. இசௌரா மாதிரி யார் இருக்கிறார்கள் என்று போட்டியெல்லாம் நடந்தது.

என்னோடு வேலை பார்ப்பவரின் அம்மா அதில் கலந்துகொண்டவர். அவர்கள் வீட்டுச் சமையலறையில், ஃபிரிட்ஜ் பக்கத்தில், ஒரு மங்கிய போட்டோ: நடுவகிடு, தோளில் விழுந்த கூந்தல், திரைச்சீலைத் துணியில் அவரே தைத்த கவுன், கழுத்து வரை பொத்தான். பெருமையாகக் காட்டினார். நானோ வாயை வைத்துக்கொண்டு சும்மா இல்லாமல், "ஆனால் இசௌராவுக்கு முடி கறுப்பாச்சே" என்றேன். அவருக்குப் பொன்னிற முடி. "கடையில் சாயம் கிடைக்கவில்லை" என்று சொல்லிவிட்டு டீத்தண்ணீர் வைக்கத் திரும்பிக்கொண்டார். 85ல் போலந்துக் கடையில் என்னதான் கிடைத்தது, யோசித்துப் பேசியிருக்கலாம். அப்புறம் இரண்டு முறை அவர் வீட்டுக்குப் போனேன். போட்டோ அந்த இடத்தில் இல்லை.

பீன்ஸ்சோறு

சாவோ பாலோவில் ஆறு வருடம் இருந்தேன். எல்லோரும் இசௌரா இசௌரா என்று உருகுவதால் என் கதையையும் போடுகிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம்.

ஆபீஸ் கேன்டீனில் பரிமாறும் அம்மா, அறுபது வயதிருக்கும், கறுப்பினத்தவர். தட்டில் சோறு, மேலே கறுப்பு பீன்ஸ், ஓரத்தில் வறுத்த மரவள்ளி மாவு. அவரிடம் பெருமையாகச் சொன்னேன், போர்த்துகீசு படிக்க பழைய இசௌரா பார்க்கிறேன் என்று. கரண்டி ஓடிக்கொண்டே இருந்தது. "அதில் யாரைப் பார்க்கிறாய்?" என்றார். லுசேலியாவை என்றேன். "என் அம்மா ரோசாவைப் பார்ப்பாள்," என்று அடுத்த தட்டுக்குப் போய்விட்டார்.

ரோசாவா? அந்த வில்லியா? இசௌரா மேல் பொறாமைப்பட்டு எல்லாக் கெடுதலும் செய்கிற அடிமைப் பெண்ணையா என்று அன்றிரவுதான் தேடிப் பார்த்தேன். அது லேயா கார்சியா. 1959ல் கான் விழாவில் பெரிய விருது வாங்கிய கறுப்பு ஓர்ஃபியூ படத்தில் நடித்தவர். அவர் இங்கே பத்தொன்பது வயது வெள்ளைப் பெண்ணைக் கரித்துக்கொட்டும் பாத்திரத்தில். அந்த வேஷத்துக்காகத் தெருவில் ஜனங்கள் அடிக்கவே வந்திருக்கிறார்கள் என்று அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 2023 ஆகஸ்டில் கிராமாடோ திரைப்பட விழாவில் வாழ்நாள் விருது வாங்கப் போன ஊரிலேயே, கொடுக்க வேண்டிய அதே நாளில், இறந்துபோனார். சமையல்காரி ஜனுவாரியாவாக வரும் ஜெனி பெரேராவையும் பாருங்கள்.

மொத்தத்தில் அடிமைகள் கதை, நாயகி வெள்ளை. 1888 வரை அடிமை முறை வைத்திருந்த நாடு, அமெரிக்கக் கண்டங்களிலேயே கடைசியாக விட்ட நாடு, நூறு எபிசோடு அழுவதற்கு வெளுத்த தோல் தேவைப்பட்டது. மாஸ்கோ பாட்டி ரோசாவுக்கு அழுதாரா என்று கேட்டுச் சொல்லுங்கள்.

பழையரீல்

பீன்ஸ்சோறு சொல்வது பாதிதான் சரி. 1875ல் பெர்னார்டோ கிமராய்ன்ஸ் எழுதிய மூல நாவலிலேயே இசௌரா வெளுத்தவள்தான், கலப்பின அடிமைத் தாய்க்கும் போர்த்துகீசியனுக்கும் பிறந்தவள். வெள்ளை வாசகனின் மனசை அசைக்க அவர் போட்ட கணக்கு அது. திட்டுவதென்றால் அவரைத் திட்டுங்கள். 1976ல் அதை நாடகமாக்கிய ஜில்பெர்டோ பிராகா இருந்தது ராணுவ ஆட்சியில். "அடிமை" என்ற சொல்லே வசனத்தில் வேண்டாம் என்று தணிக்கைக்காரர்கள் நெருக்க, "உருப்படி" என்று பொருள்படும் சொல்லைப் போட்டுச் சமாளித்தார். அது இன்னும் கொடூரமாக இருக்கிறது என்பது வேறு விஷயம், தணிக்கைக்காரருக்கு அது புரியவில்லை போல.

லுசேலியா மேல் என்ன தப்பு? சாந்தோ ஆந்திரேயில் பிறந்த பெண், மேடையிலிருந்து வந்து நடித்த முதல் நொவேலா, அதாவது டிவி தொடர்நாடகம், அது. அதற்கப்புறம் அவர் செய்ததை யாராவது பார்த்தீர்களா? 80களின் தொடக்கத்தில் நாடகாசிரியர் நெல்சன் ரோட்ரிகஸ் கதைகளை எடுத்த படங்களில் நடித்தார், இசௌராவின் கழுத்துப் பொத்தானை எல்லாம் ஒரேயடியாகக் கழற்றிப் போட்ட வேஷங்கள். 83ல் நகைச்சுவை நொவேலா. 86ல் சின்யா மோசா. அதில்தான் வேடிக்கை, மறுபடியும் அடிமைக் காலம், மறுபடியும் ருபென்ஸ் டி ஃபால்கோ, ஆனால் இந்த முறை அவர் பரோன், இவர் அந்த வீட்டு மகள், அடிமைகளை விடுவிக்கப் பாடுபடுகிறவள். பத்து வருடத்தில் கொட்டகையிலிருந்து மாளிகைக்கு! அடுத்த வருடமே இசௌராவை எடுத்த குளோபோ சேனலை விட்டு மன்சேட்டே சேனலில் கார்மெம் என்ற நொவேலா. ரப்பர் தொழிலாளர் தலைவர் சிக்கோ மெண்டிஸுக்கு நெருங்கிய தோழி, அந்த மெண்டிஸை 1988 டிசம்பரில் சுட்டுக் கொன்றார்கள். கிட்டத்தட்ட அதே நாட்களில்தான் விடுதி87 சாரின் பாட்டி அழுதிருக்கிறார், கணக்குப் போட்டுப் பாருங்கள். 2001ல் கிழக்குத் திமோர் படுகொலை பற்றி லுசேலியாவே ஆவணப்படம் இயக்கினார். 2004ல் வேறு சேனல் இசௌராவைத் திரும்ப எடுத்தபோது ருபென்ஸை லியோன்சியோவின் அப்பாவாகப் போட்டார்கள். இசௌரா வேறு பெண்.

என் அனுபவமா, சின்னதுதான். ரியோவில் டாக்ஸியில் போகும்போது இதையெல்லாம் என் அரைகுறை போர்த்துகீசில் ஓட்டுநரிடம் ஒப்பித்தேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "யார், இசௌராவா?" என்றார்.

மொழிவெறியன்

போர்த்துகீசு படிக்க இசௌரா பார்க்கிறேன் என்று பீன்ஸ்சோறு எழுதியதைப் பார்த்ததும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. தயவுசெய்து யாரும் அதைச் செய்யாதீர்கள். நான் செய்தேன். புது ஆபீசில் முதல் நாள் மேலாளரம்மாவை "சின்யா" என்று கூப்பிட்டேன், மேடம் என்று அர்த்தம் என நினைத்து. அடிமைகள் எஜமானியம்மாவைக் கூப்பிடும் சொல் அது. அந்த அறையில் ஏசி ஓடும் சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது.

சரி, எப்படிப் படிப்பது? முதலில் நேரத்தைப் பாருங்கள். குளோபோவில் ஆறு மணி நொவேலா பெரும்பாலும் பழைய காலத்துக் கதை, அதனால் பேச்சும் பழசு. ஏழு மணி நொவேலா காமெடி, வேகமான தெருப்பேச்சு. எட்டு மணியுடையது, இப்போது ஒன்பது, கனமான குடும்பக் கதை. ஏழு மணி நாடகத்துக்கும் பெரிய நாடகத்துக்கும் நடுவில் செய்தி வரும், அதில் உச்சரிப்பு சுத்தமாக இருக்கும், அதையும் விடாதீர்கள். ஆரம்பத்தில் ஒன்பது மணி நாடகம் பாருங்கள், ஏனென்றால் அதில் எல்லாவற்றையும் மூன்று தடவை சொல்வார்கள், தோழியிடம் ஒரு தடவை, அம்மாவிடம் ஒரு தடவை, கண்ணாடியிடம் ஒரு தடவை. வாரத்தில் ஆறு நாள் ஓட வேண்டுமே. நம் சீரியல் பார்த்துப் பழகியவர்களுக்கு இது சொல்லித் தர வேண்டியதில்லை. ரியோக்காரர்கள் சொல் கடைசியில் "ஸ்" வந்தால் "ஷ்" என்பார்கள், சாவோ பாலோவில் அப்படிப் பேசினால் சிரிப்பார்கள். நோட்டுப் போட்டு ஒரு நாளைக்குப் பத்து வாக்கியம் எழுதுங்கள், சொல்லாக எழுதாதீர்கள். முதலில் போர்த்துகீசு சப்டைட்டில், மூன்று மாதம் கழித்து அதுவும் வேண்டாம். பழைய நாடகம்தான் பார்ப்பேன் என்றால் வாலே துடோ, 1988ல் வந்தது, இன்றைக்கும் அப்படியே பேசலாம்.

ஹவானா_சர்க்கரை

வாலே துடோ என்றதும் ஓடி வந்தேன்! க்யூபாவில் தனியார் நடத்தும் சின்ன உணவகத்துக்குப் "பலடார்" என்று பெயர், அது அந்த நாடகத்தில் வரும் கடைப் பெயர். நாயகியாக வரும் நடிகை ரெஜினா டுவார்தே கடற்கரையில் சாண்ட்விச் விற்று முன்னுக்கு வந்து நடத்துகிற கடை. ஹவானாவில் ஒரு வீட்டு மொட்டைமாடியில் நாலு மேசை, பாட்டி சமைக்கிறார், பேத்தி பரிமாறுகிறாள். அந்தப் பேத்திக்கு அந்த நாடகமே தெரியவில்லை, நான் சொன்னால் நம்பவும் இல்லை. பாட்டியிடம் கத்திக் கேட்டாள். உள்ளேயிருந்து பாட்டி "ராக்கேல்!" என்று நாயகி பெயரைச் சொல்லி ஒரு கும்பிடு போட்டார்.

க்ராகோவ்_குமாரி

தலைப்பு லுசேலியா சாந்தோஸ். ரெஜினாவுக்குத் தனியாக ஆரம்பியுங்கள், அவர் அரசியலையும் சேர்த்து அங்கே சண்டை போடலாம்.

விடுதி87

பீன்ஸ்சோறு, பாட்டி ரோசாவுக்கு அழுததாக ஞாபகம் இல்லை. ரோசா வந்தால் திட்டுவார். நானும் திட்டியிருக்கிறேன்.

நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு நேற்று அண்ணனுக்குப் போன் போட்டேன், நம் பண்ணையில் இருந்தாரே, அவர் பெயர் என்ன என்று. நாம் மூக்கன் என்றுதானே கூப்பிடுவோம் என்றார். அது தெரியும், நிஜப் பெயர் என்ன என்றேன். அவர் வீட்டு ஆட்கள் இப்போது திருப்பூரில் எங்கேயோ, யாரிடம் கேட்பது என்றார். அப்புறம் தென்னைக்கு வண்டு விழுந்ததைப் பற்றிப் பத்து நிமிடம் பேசினோம்.

மொழிவெறியன்

சார், மாஸ்கோவில் பார்த்தது ரஷ்ய டப்பிங்தானே? அதில் படித்து யாருக்காவது ரஷ்ய மொழி வந்திருக்கிறதா?