முன்பக்க ஷாக்: கசிகிற ஒன்றை மட்டும் மாற்றினால் போதாதா?

பழையவண்டி (சனி, இரவு 9.10)

வண்டிக்கு 17 வயது, 1,42,000 கி.மீ. ஓடியிருக்கிறது. முன்னால் மெக்பெர்சன் ஸ்ட்ரட், அதாவது ஷாக்கும் அதைச் சுற்றி ஸ்பிரிங்கும் ஒரே துண்டாகப் பூட்டிய வகை. வண்டியோடு வந்த அதே ஷாக்தான் இன்றுவரை. போன வாரம் டயரைக் கழற்றியபோது பார்த்தால், இடது ஷாக்கில் ஆயில் வழிந்து ஸ்பிரிங் உட்காரும் தட்டு வரைக்கும் மண்ணோடு சேர்ந்து களிம்பாக அப்பியிருக்கிறது. சின்னச் சின்னக் குழியில் இறங்கும்போது அந்தப் பக்கம் 'டொக் டொக்' சத்தமும் கேட்கிறது. வலது பக்கம் காய்ந்து சுத்தமாக இருக்கிறது.

ஒர்க்‌ஷாப்பில் இரண்டு ஷாக், இரண்டு டாப் மவுண்ட் (ஸ்ட்ரட்டின் தலையை பாடியோடு சேர்ப்பது), இரண்டு பம்ப் ஸ்டாப் (ஷாக் கடைசி வரை இறங்கி இடிக்காமல் தடுக்கும் ரப்பர்), டஸ்ட் கவர் என்று பட்டியலை நீட்டிவிட்டார்கள். எனக்கு மூன்று சந்தேகம். கசியும் ஒன்றை மட்டும் மாற்றினால் ஆகாதா? கம்பெனி போட்ட மாதிரியே வாங்கவா, இல்லை ஆயிலோடு கேஸும் அடைத்த, கொஞ்சம் கெட்டியான கேஸ் ஷாக்காகப் போடவா? ஓரளவு ஸ்பானர் பிடிக்கத் தெரியும்; நானே செய்யலாமா?

சிக்கனம் (சனி, இரவு 9.32)

ஒன்று போதும் சார். 17 வயது வண்டி, இன்னும் எத்தனை வருஷம் வைத்திருக்கப் போகிறீர்கள்? வலது பக்க முன் மூலையை நன்றாக அமுக்கிக் கையை எடுங்கள். ஒரே தடவை எழும்பி நின்றுவிட்டால் அந்த ஷாக் நன்றாக இருக்கிறது, தொடாதீர்கள். என் முந்தைய வண்டியில் ஒரு பக்கம் மட்டும் மாற்றி 2 வருஷம் ஓட்டினேன். ஒரு குறையும் இல்லை. 'ஜோடியாகத்தான் மாற்றணும்' என்பது பாகம் விற்கிறவர்கள் ஓதுகிற மந்திரம்.

நட்டுபோல்ட் (சனி, இரவு 10.15)

நான் பாகம் விற்கிறவன் இல்லை, அதனால் தைரியமாக ஓதுகிறேன்: ஜோடியாகத்தான் மாற்றணும்.

அந்த அமுக்கிப் பார்க்கும் சோதனையை நம்பித்தான் பலர் செத்த ஷாக்கோடு ஓட்டிக்கொண்டிருக்கிறார்கள். கையால் அமுக்கும்போது பிஸ்டன் மெதுவாக நகர்கிறது. சக்கரம் குழியில் விழும்போது அதைவிடப் பல மடங்கு வேகம். ஷாக்குக்குள் மெதுவான அசைவுக்குச் சின்ன வழி ஒன்று, வேகமான அசைவுக்கு வளைந்து திறக்கும் மெல்லிய தகடுகள் என்று தனித்தனி ஏற்பாடு. கை சோதிப்பது முதலாவதை மட்டும். பழைய வண்டியில் இறுகிப்போன ரப்பர் புஷ்களின் உராய்வே ஆட்டத்தை நிறுத்திவிடும். போதாததற்கு வளைவில் வண்டி சாயாமல் இருக்க இரண்டு பக்கத்தையும் ஸ்டெபிலைசர் பார் என்ற கம்பி வேறு கோத்து வைத்திருக்கிறது. ஆட்டம் நிற்காவிட்டால் ஷாக் போய்விட்டது என்று சொல்லலாம். நின்றதை வைத்து எதுவும் சொல்ல முடியாது.

கசியவில்லை என்பதும் நற்சான்று இல்லை. உள்ளே வால்வுத் தகடு தளர்ந்தாலும், பிஸ்டனைச் சுற்றியுள்ள பட்டை தேய்ந்தாலும் வெளியே ஒரு சொட்டு வராது. 80,000 கி.மீ. தாண்டினால் மாற்றச் சொல்கின்றன சில கம்பெனிகள். அதில் வியாபாரம் கலந்திருக்கிறது என்றே வைத்துக்கொண்டாலும், இவர் வண்டி அதற்கும் மேல் 62,000 ஓடிவிட்டது. இடது பக்கம் புதுசு, வலது பக்கம் 17 வயது என்று ஆனால், ஒரே மேட்டில் ஏறி இறங்கும்போது ஒரு சக்கரம் உடனே தரையைப் பிடிக்கும், இன்னொன்று தத்திக்கொண்டிருக்கும். ஈரமான வளைவில் அந்த நேரம் பார்த்து பிரேக் அடிக்க நேர்ந்தால்?

சிக்கனம் (சனி, இரவு 10.40)

இந்த 'நேர்ந்தால்' என்ற ஒரு சொல்லை வைத்துக்கொண்டு முழு வண்டியையே மாற்ற வைத்துவிடலாம் சார். ஒரே ஒரு கேள்வி. 8,000 கி.மீ.-க்கு முன்னால்தான் ஜோடியாக மாற்றினேன், ஒன்று பெரிய குழியில் இடித்து வளைந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அப்பவும் இரண்டா?

நட்டுபோல்ட் (சனி, இரவு 10.52)

இல்லை. அப்போது ஒன்றுதான், அதே கம்பெனி, அதே பாக எண்ணில் வாங்கிப் போட்டால் சரி. 8,000-க்குச் சொல்வதை 1,42,000-க்கும் சொல்லாதீர்கள் என்கிறேன், அவ்வளவுதான்.

வளைவுப்பிரியன் (ஞாயிறு, காலை 7.05)

எப்படியும் கழற்றப் போகிறீர்கள். பழைய மாதிரியே ஒன்றை எதற்குத் திரும்பப் போடணும்? மோனோ ட்யூப் (ஒற்றைக் குழாய்) கேஸ் ஷாக் போடுங்கள். 1950-களில் டி கார்பன் உருவாக்கி, பில்ஸ்டீன் மெர்சிடிஸ் கார்களுக்குச் செய்து கொடுத்த சங்கதி அது. ஆயிலும் நைட்ரஜனும் தனித்தனி அறையில், நடுவே மிதக்கும் பிஸ்டன். எவ்வளவு அடித்து ஓட்டினாலும் ஆயில் நுரைக்காது. நான் போட்டபோது வண்டியின் மூக்கே கொஞ்சம் தூக்கிக்கொண்டது, பிரேக்கில் குனிவதும் நின்றது. தொங்கிப்போன பழைய ஸ்பிரிங்குக்கும் அது ஒரு தாங்கல்.

நட்டுபோல்ட் (ஞாயிறு, காலை 8.20)

கடைசி வரிதான் தப்பு தம்பி. வண்டியின் பாரத்தைத் தாங்குவது ஸ்பிரிங். ஷாக்கின் வேலை அந்த ஸ்பிரிங்கின் ஆட்டத்தை அடக்குவது. கேஸ் கொஞ்சம் தூக்கும், இல்லை என்று சொல்லவில்லை. சாதாரண ட்வின் ட்யூப் (குழாய்க்குள் குழாய்) கேஸ் ஸ்ட்ரட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். தண்டின் விட்டம் 20 மி.மீ., உள்ளே அழுத்தம் 5 பார் என்று வைத்தால், தண்டை வெளியே தள்ளும் விசை சுமார் 16 கிலோ. சின்னக் காரில்கூட ஒரு முன்சக்கரத்தின் மேல் சுமார் 250 கிலோ இருக்கும். 16 கிலோ சில மி.மீ. உயர்த்தும், தொங்கின ஸ்பிரிங்கை இளமையாக்காது. ஸ்பிரிங் தொங்கியிருக்கிறதா என்று தெரிய, சமதரையில் நிறுத்திச் சக்கர நடுவிலிருந்து மட்கார்டு விளிம்பு வரை இரண்டு பக்கமும் அளந்து பார்த்தால் போதும்.

இன்னொன்று. மென்மையான ஸ்பிரிங்குக்குக் கெட்டியான ஷாக் போட்டால், அடுத்தடுத்து மேடு வரும் சாலையில் சக்கரம் மேலே போனது கீழே திரும்பி வருவதற்குள் அடுத்த மேடு வந்துவிடும். வண்டி படிப்படியாகக் குந்திக்கொண்டே போய்க் கடைசியில் பம்ப் ஸ்டாப்பில் இடிக்கும். ஓட்டுகிறவருக்கு 'ஸ்பிரிங் போய்விட்டது' என்று தோன்றும். ஸ்பிரிங் பாவம், அதை எழ விட்டால்தானே!

வளைவுப்பிரியன் (ஞாயிறு, காலை 8.41)

ஒத்துக்கொள்கிறேன், ஆனால் பாதிதான். நான் ஸ்பிரிங்கையும் சேர்த்தே மாற்றினேன், அதைச் சொல்ல விட்டுவிட்டேன். 17 வயது வண்டி என்றால் மெத்தை மாதிரித்தான் போகணும் என்று சட்டமா?

நட்டுபோல்ட் (ஞாயிறு, காலை 8.50)

சட்டம் இல்லை. ஆனால் ஷாக் விழுங்காத அதிர்ச்சியை அடுத்து வாங்குவது டாப் மவுண்ட், சக்கரத்தை வண்டியோடு கோக்கும் லோயர் ஆர்ம் புஷ், பால் ஜாயின்ட். அவற்றுக்கும் வயது 17. அவற்றையும் மாற்றத் தயார் என்றால் தாராளமாகக் கெட்டியாகப் போடுங்கள். தினமும் வேலைக்குப் போய்வரும் வண்டி என்றால், கேஒய்பி, சாக்ஸ், மன்ரோ மாதிரி கார் கம்பெனிகளுக்கே சப்ளை செய்கிறவர்களின் சாதாரண ட்வின் ட்யூப் கேஸ் வகையே போதும். உங்கள் மாடல், ஆண்டு, எஞ்சினுக்கு உரிய பாக எண்ணைப் பார்த்து வாங்குங்கள். ஒரே காரில் டீசல் எஞ்சினின் எடை வேறு, அதனால் ஸ்ட்ரட்டும் பல சமயம் வேறு. கழற்றி ஆயில் ஊற்றித் திரும்ப அடைத்த ரீகண்டிஷன் சரக்கு மட்டும் வேண்டவே வேண்டாம்.

கிரீஸ்கை (ஞாயிறு, காலை 11.30)

முப்பது வருஷம் இதே வேலை பார்த்து ஓய்ந்தவன். எல்லோரும் ஷாக்கைப் பற்றியே பேசுகிறீர்கள். அந்த 'டொக் டொக்' எங்கிருந்து வருகிறது என்று யாரும் கேட்கவில்லை.

ஆயில் போன ஷாக் பெரும்பாலும் வண்டியைத் தூளி மாதிரி ஆட்டும். சின்னக் குழியில், மெதுவாகப் போகும்போது வரும் டொக் டொக் என்றால் எனக்கு முதல் சந்தேகம் ஸ்டெபிலைசர் பாரின் முனையைக் கோக்கும் லிங்க் ராடு. இரண்டு பக்க லிங்க் ராடையும் கழற்றிக் கட்டிவைத்துவிட்டு, ஆளில்லாத இடத்தில் மெதுவாக ஒரு சுற்று போய்ப் பாருங்கள். சத்தம் நின்றால் அதுதான். நிற்காவிட்டால் பால் ஜாயின்ட், லோயர் ஆர்ம் புஷ், டாப் மவுண்ட் என்று தேடணும். சோதனை முடிந்ததும் திரும்ப மாட்டுங்கள், அது இல்லாமல் வண்டி வளைவில் ரொம்பச் சாயும்.

கசிவையும் சரியாகப் பாருங்கள். தண்டு வெளியே வரும் இடத்துக்குக் கீழே லேசாக ஈரப் படலம், அதில் தூசி ஒட்டியிருப்பது சகஜம். நீங்கள் சொல்வது மாதிரி தட்டு வரை வழிந்தால் ஷாக் முடிந்தது. ஆனாலும் துடைத்துவிட்டு ஒரு வாரம் ஓட்டிப் பாருங்கள். பக்கத்திலேயே பிரேக் ஹோஸும், கிரீஸை அடைத்துவைக்கும் ரப்பர் உறையான ஆக்ஸில் பூட்டும் இருக்கின்றன. பூட் கிழிந்து சிதறின கிரீஸைப் பார்த்துவிட்டு நல்ல ஷாக்கை மாற்றினவர்கள் உண்டு.

நீங்களே செய்யலாமா என்று கேட்டீர்கள். ஸ்ட்ரட்டை வண்டியிலிருந்து இறக்குவது பெரிய வித்தை இல்லை. ஸ்பிரிங்கைப் பிரிப்பதுதான் ஆளைக் கொல்லும். அந்த 250 கிலோவைத் தாங்குகிற ஸ்பிரிங், அதை அமுக்கிப் பிடிக்கும் கம்ப்ரசர் என்ற கருவிக்குள் மடங்கிக் கிடக்கிறது. நழுவினால் தாடையைப் பெயர்த்துக்கொண்டு போகும். ஸ்பிரிங் தட்டை விட்டுத் தளர்ந்து கையால் திருப்ப வருகிற வரைக்கும் மேலே நடு நட்டைக் கழற்றக் கூடாது. அது பழகாதவர் ஸ்ட்ரட்டை மட்டும் இறக்கி, பிரித்து மாட்டும் வேலையை ஒர்க்‌ஷாப்பில் கொடுங்கள். வெட்கம் ஒன்றும் இல்லை.

பழையவண்டி (ஞாயிறு, பகல் 12.15)

அண்ணே, ஸ்பிரிங்கோடு சேர்த்துப் பூட்டியே வருகிற முழு ஸ்ட்ரட் விற்கிறார்களே, அதைப் போட்டால் கம்ப்ரசர் வேலையே இல்லையே?

கிரீஸ்கை (ஞாயிறு, பகல் 12.40)

கைக்குப் பாதுகாப்பு, வேலையும் சீக்கிரம் முடியும். ஆனால் பல மாடலுக்குப் பொதுவாக ஒரே ஸ்பிரிங்கை வைத்துப் பூட்டி விற்பதும் உண்டு. மாட்டின பிறகு மூக்கு ஒரு விரல் உயர்ந்தோ தாழ்ந்தோ நிற்கும். உங்கள் ஸ்பிரிங் துரு அரிக்காமல், கடைசிச் சுற்று உடையாமல் இருந்தால் அதையே வைத்துக்கொள்ளுங்கள். கடைசிச் சுற்று தட்டுக்குள் மறைந்திருக்கும், துடைத்துவிட்டுப் பாருங்கள்.

மறக்கக் கூடாதவை இன்னும் கொஞ்சம். ஸ்ட்ரட்டின் அடி, சக்கரத்தைத் தாங்கும் ஸ்டீயரிங் நக்கிளில் சேரும் இரண்டு போல்ட்டைச் சுற்றி முதலில் கோடு போட்டுக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் கேம்பர் (சக்கரத்தின் சாய்வு) எங்கேயோ போகும். கோடு போட்டாலும் முடிந்ததும் வீல் அலைன்மென்ட் பார்த்தே ஆகணும். நக்கிளை பிரேக் ஹோஸில் தொங்க விடாதீர்கள். புது ஷாக்கை நிமிர்த்திப் பிடித்து, மாட்டுவதற்கு முன் நாலைந்து தடவை முழுசாக அமுக்கி இழுங்கள்; படுக்க வைத்திருந்ததில் உள்ளே இடம் மாறின காற்று மேலேறும். மினுங்குகிற தண்டைப் பிளையரால் பிடித்தால் அங்கேயே கீறல், அந்தக் கீறல் சீலைக் கிழிக்கும். நடு நட்டில் காற்றுத் துப்பாக்கி கூடாது, தண்டும் சேர்ந்து சுற்றும்.

டாப் மவுண்டும், ஸ்டீயரிங்கைத் திருப்பும்போது ஸ்ட்ரட் சுழல்வதற்காக அதோடு இருக்கும் பேரிங்கும் புதுசு போடுங்கள்.

சிக்கனம் (ஞாயிறு, பகல் 1.05)

எல்லாம் சரி அண்ணே, மவுண்டில் ரப்பர் வெடிக்காமல், பேரிங் கையில் சுற்றினால் எதற்குப் புதுசு? கிரீஸ் தடவி மாட்டினால் ஓடும். பழையவண்டி சார், இதையாவது மிச்சம் பிடியுங்கள்.

பழையவண்டி (பத்து நாள் கழித்து, புதன் இரவு)

கடன்பட்டதால் விவரம் சொல்கிறேன். கிரீஸ்கை அண்ணன் சொன்னபடி லிங்க் ராடைக் கழற்றிவிட்டு ஒரு சுற்று போனேன். சத்தம் நின்றுவிட்டது. இடது ராடின் பந்து கையிலேயே கடகடவென்று ஆடியது. ஷாக்கை மட்டும் மாற்றியிருந்தால் டொக் டொக் அப்படியேதான் இருந்திருக்கும்.

கசிவும் உண்மைதான். துடைத்துவிட்டு நாலே நாளில் திரும்ப வழிந்தது. இரண்டு ஷாக்கும் வாங்கினேன், கம்பெனி வகையே, ட்வின் ட்யூப் கேஸ். ஸ்ட்ரட்டை நான் இறக்கினேன், பிரித்து மாட்டியது ஒர்க்‌ஷாப்பில்.

அங்கே வைத்துப் பழைய இரண்டையும் நிமிர்த்திக் கையால் அமுக்கிப் பார்த்தேன். இடது பக்கம் சைக்கிள் பம்பு மாதிரி இறங்கியது. அது எதிர்பார்த்ததுதான். காய்ந்திருந்த வலது பக்கம்தான் வேடிக்கை. முதல் மூன்று விரற்கடை தூரத்துக்கு ஒரு தடையும் இல்லாமல் தொபுக்கென்று போய், அதற்குப் பிறகுதான் ஆயில் பிடித்தது. விட்டால் தண்டு மேலே வரவே இல்லை. புதுசை அமுக்கிவிட்டால் அதுவாகவே மெல்ல எழுந்து நிற்கிறது. சிக்கனம் சார், அந்த வலது மூலையை நீங்கள் சொன்ன மாதிரி முன்பே அமுக்கிப் பார்த்திருந்தேன். ஒரே தடவையில் நின்றது.

ஆனால் மவுண்ட் விஷயத்தில் உங்கள் பேச்சைக் கேட்டேன். பேரிங் கையில் சுற்றியது, கிரீஸ் தடவி மாட்டியாயிற்று. இப்போது நின்ற இடத்தில் ஸ்டீயரிங்கைத் திருப்பினால் இடது பக்கம் 'டொய்ங்' என்று ஸ்பிரிங் உதறுகிறது. வளைவு முடிந்து கையை விட்டால் ஸ்டீயரிங் நேராக வராமல் பாதியில் நிற்கிறது.

கிரீஸ்கை (புதன், இரவு 9.50)

பேரிங்தான். பாரம் இல்லாமல் கையில் எதுவும் சுற்றும். வண்டி மேலே உட்கார்ந்ததும் பிடித்துக்கொள்கிறது, ஸ்பிரிங் முறுக்கேறி விடுபடும்போது அந்தச் சத்தம். திரும்ப இறக்கணும். அலைன்மென்ட்டும் திரும்ப.

பழையவண்டி (புதன், இரவு 9.58)

ஞாயிற்றுக்கிழமை இறக்குகிறேன். மவுண்ட், பேரிங் இரண்டு பக்கத்துக்கும் சொல்லியாகிவிட்டது.

சிக்கனம் (புதன், இரவு 10.20)

இடது பக்கம் மட்டும்தானே சத்தம் வருகிறது?