தலைப்பிரசவம் தாய்வீட்டில்: கணவன் செய்ய வேண்டியவை என்னென்ன?

கேள்வி (ஓசூர்வாசி):
ஓசூரில் ஒரு தனியார் தொழிற்சாலையில் வேலை செய்கிறேன். மனைவிக்கு இது ஏழாம் மாதம். வளைகாப்பு முடிந்ததும் கும்பகோணத்திலுள்ள தாய்வீட்டுக்கு அழைத்துச் செல்கிறார்கள். மற்றதையெல்லாம் மாமியார் பார்த்துக்கொள்வார், நீ பணத்துக்கு மட்டும் ஏற்பாடு செய்தால் போதும் என்கிறார்கள் பெரியவர்கள். முதன்முறையாகத் தகப்பனாகப் போகிறவனுக்கு வேறு வேலையே இல்லையா? அவளுக்கு ஓ நெகட்டிவ், எனக்கு பி பாசிட்டிவ் என்பதும் மனத்தை உறுத்துகிறது.

பதில் (ஓய்வுபெற்ற செவிலியர்):
தம்பி, அந்த உறுத்தலிலிருந்தே தொடங்குங்கள். குழந்தை பாசிட்டிவாக இருந்து அதன் இரத்தம் தாயின் இரத்தத்தோடு கலந்தால், தாயின் உடலில் உருவாகும் எதிர்ப்புப் பொருள் பெரும்பாலும் அடுத்த பிள்ளையைத்தான் பாதிக்கும். அதைத் தடுக்கவே ஆன்டி-டி ஊசி. 28ஆம் வாரத்தையொட்டி ஒன்றும், குழந்தை பாசிட்டிவ் என்று தெரிந்தால் பிரசவமான 72 மணி நேரத்துக்குள் இன்னொன்றும் போடுவார்கள். முதல் ஊசிக்கான காலம் இதுதான் என்பதால், ஓசூரில் போட்டிருப்பார்கள் என்று கும்பகோணத்திலும், அங்கே போய்ப் போட்டுக்கொள்வார்கள் என்று ஓசூரிலும் விட்டுவிடாதபடி, மருத்துவரிடம் கேட்டு, போட்ட தேதியைச் சிகிச்சைக் குறிப்பில் எழுதி வாங்குங்கள். ஓ நெகட்டிவ்காரருக்குத் தேவைப்பட்டால் ஓ நெகட்டிவ் இரத்தமே ஏற்ற வேண்டும், அதுவோ எளிதில் கிடைக்காதது. கும்பகோணத்தில் கொடையாளர் இரண்டு மூன்று பேரிடம் இப்போதே பேசி வையுங்கள்.

பதில் (திருச்சி அப்பா):
கர்ப்பத்தை அரசிடம் பதிந்தபோது தந்த பிக்மி எண்ணைக் கைப்பேசியில் பத்திரப்படுத்துங்கள். பிறப்புச் சான்றிதழுக்கு அதைக் கேட்பார்கள். பிறப்பை 21 நாள்களுக்குள் பதிய வேண்டும், பெயரைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம்.
விடுப்புதான் சிக்கல். மத்திய அரசு ஊழியருக்குத் தந்தைமை விடுப்பாக 15 நாள் உண்டு. தனியார் நிறுவனங்களைக் கட்டாயப்படுத்தும் சட்டம் இல்லை. உங்கள் நிறுவனத்தில் கிடைப்பது எவ்வளவானாலும், பிரசவத்தன்றே எல்லாவற்றையும் தீர்த்துவிடாதீர்கள். அங்கே கைகள் பல இருக்கும், நீங்கள் பெரும்பாலும் மருத்துவமனை வராந்தாவில்தான் நிற்பீர்கள். தாயும் பிள்ளையும் ஓசூருக்குத் திரும்பும் மாதத்தில் மாமியாரும் ஊருக்குப் போய்விட்டால், இரவில் அழும் குழந்தையைத் தோளில் போட்டுத் தட்ட உங்களை விட்டால் ஆளில்லை.

பதில் (இரு பிள்ளைகளின் தாய்):
மேலே சொன்னதை வழிமொழிகிறேன். இன்னொன்று: பிறந்தவுடன் சேனை தொட்டு வைக்க வேண்டும் என்று ஒருவர் சர்க்கரைத் தண்ணீரோடு வருவார். முதல் ஒரு மணி நேரத்துக்குள் சீம்பால் கொடுப்பதும், ஆறு மாதம்வரை தாய்ப்பால் மட்டுமே போதும் என்பதும்தான் மருத்துவர்கள் சொல்வது. வலியோடு படுத்திருப்பவளால் அப்போது வாதாட இயலாது. மாப்பிள்ளை ஒரு வார்த்தை சொன்னால் எங்கள் ஊரில் எடுபடும். அந்த மரியாதை வேறெதற்குப் பயன்படுகிறதோ இல்லையோ, இதற்குப் பயன்படட்டும். பிரசவத்துக்குப் பின் காரணமின்றி அழுகை வருவது இயல்பென்றாலும், இரண்டு வாரம் கடந்தும் அது நீடித்தால், ‘உடம்பு அசதி’ என்று பெரியவர்கள் சொன்னாலும் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள்.

ஓசூர்வாசி:
மூவருக்கும் நன்றி. அடுத்த பரிசோதனையிலேயே ஊசியைப் பற்றிக் கேட்டுவிடுகிறேன். விடுப்பைப் பிரித்து எடுக்க முடியுமா என்று மேலாளரிடம் எழுத்து மூலமாகக் கேட்கவிருக்கிறேன். சேனை விஷயத்தை மட்டும் வளைகாப்புக்கு முன்பே மாமனாரிடம் பேசிவிடுவது நல்லதென்று தோன்றுகிறது.